ஒளி வணிகரும் சாதுவனும்

மாற்றுலகங்களிலே பிறந்த அறிவினை வாங்கி இவ்வுலகத்துச் சந்தையிலே விலைகூறும் வணிக நிறுவனம் ஒன்றைக் கற்பனை செய்வது இக்காலப் புனைகதையாளர்க்குக் கைவந்த பொருளாயிற்று. அவ்வகைக் கதைகளை மாணவர் ஆவலுடன் படிக்கின்றனர். படித்தலிற் குற்றமும் இல்லை. ஆயினும் இக்கற்பனை நேற்று முளைத்ததன்று. ஆங்கிலத்திலே ஏறக்குறைய நானூறு ஆண்டுகளுக்கு முன்னரும், தமிழிலே அதற்குப் பன்னூறாண்டுகள் முன்னரும் இப்பொருள் இலக்கியத்தில் ஆளப்பட்டுள்ளது. ஆங்கில நூல் பிரான்சிஸ் பேக்கன் எழுதிய ‘புதிய அத்திலாந்திசு’; தமிழ் நூல் மணிமேகலை. அறிவு கைமாறும்போது கொடுப்பவனுக்கும் கொள்பவனுக்கும் இடையே நிகழ்வது யாது என்பதை இவ்விரண்டையும் ஒருங்குவைத்து ஈண்டு நோக்குவாம்.

பேக்கன் 1626ஆம் ஆண்டிலே இறந்தார். முற்றுப்பெறாத இச்சிறுநூல் அவர் இறந்தபின் அச்சேறியது. பெருநாட்டிலிருந்து சீனமும் யப்பானும் நோக்கிச் சென்ற மரக்கலம் ஒன்று திசைதவறிப் பென்சலம் என்னும் தீவை அடைகின்றது. அத்தீவின் கண்ணெனப் போற்றப்படுவது சாலமன் மனை என்னும் கழகம். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை இரண்டு கலங்கள் அங்கிருந்து புறப்படுகின்றன. கலத்திற்கு மூவராகக் கழகத்தார் அதிற் செல்வர். அவர்கள் தேடுவது பொன்னுமன்று, மணியுமன்று, பட்டும் வாசனைத் திரவியமுமன்று. இறைவன் முதலிற் படைத்த ஒளி ஒன்றே. பிறநாட்டு நூல்கள், சோதனைகள், கருவிகளின் அமைப்பு ஆகியவற்றைத் திரட்டிக் கொணரும் பன்னிருவர்க்கு அங்கே வழங்கும் பெயர் ‘ஒளி வணிகர்’ என்பதாகும். அவர்கள் கொணர்ந்தவற்றைப் பகுப்போர், சோதிப்போர், பொதுவிதி காண்போர் என வேறு பலரும் உளர்.

அழகிய கனவு என்பதில் ஐயமில்லை. ஐரோப்பிய அறிவியற் கழகங்கள் தோன்றுதற்கு இக்கனவு உரமிட்டது. ஆயினும் அதன் மறுபக்கத்தை நாம் காணாது விடுதல் ஆகாது. ஒளி வணிகர் தம் நாட்டின் பெயரை மறைத்து வேற்று நாட்டார் போலவே உலாவுவர். உலகின் மொழிகளையும் நூல்களையும் பென்சலத்தார் அறிவர். அவர்கள் உளர் என்பதையும் உலகம் அறியாது. கண்டறிந்தவற்றுள் எவற்றை வெளியிடுவது, எவற்றை மறைப்பது என்று கழகத்தார் கூடி ஆராய்ந்து, மறைக்கத்தக்கவற்றை மறைப்பதாக ஆணையும் இடுவர். அரசுக்கே அறிவிக்காதனவும் அவற்றுள் உண்டு. கதையின் முடிவிலே கழகத்துத் தந்தை தாம் கூறியவற்றைப் பிறநாட்டார் நன்மைக்காக வெளியிடுமாறு இசைவளிக்கிறார் என்பதும் உண்மையே. ஆனால் அஃது ஒருவரின் பெருந்தன்மை. எந்த நகரத்தில், எந்தப் பட்டறையில் அவ்வறிவு எடுக்கப்பட்டதோ, அங்குள்ளவனுக்குத் தன்னிடம் கொள்முதல் செய்தவன் யாவன் என்பதே தெரியாது. ஆகவே அவன் எதிர்வினா எழுப்புதற்கு வழியும் இல்லை.

இவ்வமைப்பினைப் பேக்கன் வானத்திலிருந்து பெற்றாரல்லர். 1600இல் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கும்பனியும் 1602இல் ஒல்லாந்தக் கும்பனியும் தோன்றியிருந்தன. வேர்சீனியாக் கும்பனியிலும் நியூபவுண்லாந்துக் கும்பனியிலும் பேக்கனே பங்குகொண்டவர். கும்பனிக் கணக்கேட்டிலே பொன், மிளகு, கறுவா என்று எழுதிய இடத்தில் ‘ஒளி’ என்று மாற்றி எழுதியதே அவர் செய்த புதுமை எனலாம். சொல்லை மாற்றினார்; கணக்கெழுதும் முறையை மாற்றவில்லை.

கற்பனையை விடுத்து உண்மைக் கும்பனிகள் அறிவினை எவ்வாறு கையாண்டன என்று காண நாம் தொலைவு செல்ல வேண்டுவதில்லை. கண்டி இராச்சியமே சான்று பகரும். ஆங்கிலக் கும்பனியின் கடற்றொழிலிலே வந்த றொபேட் நொக்ஸ் 1660இலே திருகோணமலைப் பக்கத்திற் பிடிபட்டு, பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேலாக இம்மலைநாட்டிற் சிறையிருந்தார். தொப்பி பின்னி விற்றும் நெல்லைக் கடன்கொடுத்தும் வயிறு வளர்த்தார். 1679இல் அரிப்புக்குத் தப்பியோடி, அடுத்த ஆண்டு இலண்டன் சேர்ந்து, 1681இல் இலங்கை வரலாற்று நூலினை வெளியிட்டார். அறிவியலறிஞர் றொபேட் ஊக்கு அதற்கு முன்னுரை எழுதினார். வேளாண்மை, ஊண், திருமணம், அரசன் கொடுமை, காட்டு விலங்கு என யாவும் அதிலே உள்ளன. பேக்கன் கனவுகண்ட ஒளி வணிகன், தான் விரும்பாமலே, நம் அயலூர்களில் இருபதாண்டு வாழ்ந்தான் என்று சொல்லத் தோன்றுகிறது. அவர் நூல் நமக்கும் பெரும்பயன் தருவது. அதனைப் பழித்தல் நன்றி மறத்தலாகும். எனினும் அவர்க்குச் சோறிட்ட சிற்றூரார் தம்மைப்பற்றி அவர் எழுதியதைப் படித்தாரல்லர். அவர்களிடத்தே எஞ்சியது ஒருசில பின்னல் தொப்பிகளே.

இனி ஒல்லாந்தக் கும்பனி செய்தது இதனினும் விந்தையானது. சிங்கள அரச மரபின் இறுதி வேந்தனாகிய வீர நரேந்திரசிங்கன், 1707 முதல் 1739 வரை ஆண்டவன், இக்கட்டுரை எழுதப்படும் குண்டசாலையிலே மாளிகை எடுப்பித்து உறைந்தமையால் ‘குண்டசாலை அரசன்’ என்றே மக்களால் வழங்கப்பெற்றான். அவன் காலத்திலே வெலிவிற்ற சரணங்கரர் பௌத்த சங்கத்தைச் சீர்செய்ய முயன்றார். ஆனால் உபசம்பதை அளிப்பதற்கு அதனைப் பெற்ற பிக்குகள் ஐவரேனும் கூடவேண்டும் என்பது விதி. அத்தகையோர் இந்நாட்டில் இல்லாதொழிந்தனர். ஏட்டிலே விதிகள் இருந்தும் பயன் இல்லை. மனிதரிடமிருந்து மனிதர் பெறவேண்டிய பேறு அது. நரேந்திரசிங்கனுக்குப் பின் அரியணை ஏறியோர் தமிழகத்திலிருந்து வந்த நாயக்க மரபினர். அவர்கள் காலத்திலே சீயதேசத்துக்குத் தூது அனுப்பப்பட்டது. முதல் முயற்சிகள் கைகூடவில்லை. கீர்த்தி சிறீ இராசசிங்கன் ஆட்சியில், 1753ஆம் ஆண்டிலே, உபாலி தேரரும் அவருடன் வந்த பிக்குகளும் கண்டியை அடைந்து உபசம்பதையை மீண்டும் நிறுவினர். தூதரைச் சுமந்து சென்ற கலங்கள் ஒல்லாந்தக் கும்பனியின் கலங்கள்!

கல்வினியச் சமயத்தாரான ஒல்லாந்தர்க்குப் பௌத்தத்தின்மேற் பற்று இருந்ததென யாரும் சொல்லார். அரசன் பிற ஐரோப்பியரை நாடாதிருத்தல் வேண்டும். கண்டி எல்லைக் காடுகளிலே கறுவா உரித்தல் தடையின்றி நடத்தல் வேண்டும். இவையே அவர்தம் நோக்கம். ஆகவே தான் மதியாத அறிவு ஒன்றை, தன் ஆதாயத்தின் பொருட்டு, ஒரு கும்பனி கடல்கடந்து சுமந்தது. சுமந்தவன் அறியாமலும் அறிவு சென்று சேரும் என்பதற்கு இதனினும் தெளிந்த சான்று காண்டல் அரிது. ஆனால் இங்கே உயிர்நாடியாய் நின்றது கும்பனி அன்று; இன்னது வேண்டும் என்று கேட்டறிந்த கண்டியும், அதனை வைத்திருந்த சீயமும் ஆகும். கேட்பவன் ஒருவன் இருந்தான் என்பதை நினைவிற் கொள்க.

இந்நினைவோடு மணிமேகலையிடம் செல்வாம். நூலாசிரியர் சாத்தனாரை மதுரைக் கூலவாணிகன் என்று மரபு சுட்டுகிறது. தானியம் விற்ற கையே காப்பியம் எழுதிற்று என்னும் இச்செய்தியைப் பலரும் பெயர் விளக்கத்தோடு விட்டுவிடுவர். பதினாறாம் காதையாகிய ஆதிரை பிச்சையிட்ட காதையைப் படிக்கும்போதோ, கொள்வினை கொடுப்பினையின் நுட்பத்தை இவ்வளவு நெருங்கி அறிந்தவர் வணிகரே என்று எண்ணத் தோன்றும்.

கதை யாவரும் அறிந்தது. கணிகையின்பொருட்டு ஆதிரையைப் பிரிந்த சாதுவன் வட்டாடிப் பொருளிழக்கிறான்; பொருளில்லாதவனைக் கணிகை கைவிடுகிறாள். பொருள்தேடிக் கடல்சென்றவன் கலம் உடைய, முறிந்த மரத்தைப் பற்றி நாகர் வாழும் மலைப்பக்கத்திலே கரையேறுகிறான். அவன் இறந்தான் என்று கேட்ட ஆதிரை தீப்பாய்கிறாள். தீ அவளைச் சுடவில்லை. பள்ளிகளிலே இக்காதையைக் கற்பிக்கும் நாம் தீயின் முன்னே நின்றுவிடுகிறோம். கற்பின் திறம் என்று தலைப்பிட்டு, அமுதசுரபியிலே முதற்பிச்சை இடத்தக்கவள் ஆதிரையே என முடித்து, வினாவிடை எழுதுவித்து அடுத்த பாடத்திற்குப் போகிறோம். நகரங்களிலே தனியார் வகுப்புக்களில் விலைக்குக் கிடைக்கும் குறிப்புக்களும் இவ்வழியே செல்வன. காதையின் நடுவே சாதுவனும் நாகர் தலைவனும் நிகழ்த்தும் உரையாடல், தீயின் வெளிச்சத்திலே மறைந்துபோகிறது. என் கருத்திலே காதையின் இதயம் அவ்வுரையாடலே.

களைத்து மரநிழலில் உறங்கும் சாதுவனை நாகர் உணவு கிடைத்ததென்று எழுப்புகின்றனர். அவன் அவர்கள் மொழியிலே பேசுகிறான். முன்னரே அதனை ஐயமறக் கற்றிருந்தான் என்று சாத்தனார் கூறுகிறார். எங்கே கற்றான் என்று கூறவில்லை. பல மொழி பேசுவோர் கலந்து உறைந்த புகார்த் துறைமுகத்து வணிகமகன் கற்றிருத்தல் வியப்பன்று. மொழி கேட்ட நாகர் அவனைத் தம் தலைவனிடம் கொண்டு செல்கின்றனர். கள்ளுக் குடங்களும் உலர்ந்த எலும்புகளும் சூழ, கரடி தன் துணையோடு இருந்தாற்போல அவன் இருக்கிறான். இவ்வுவமையிலே புகார் நகரத்தான் ஒருவனின் செருக்கு சிறிது ஒலிக்கிறது என்பதை மறைக்க வேண்டுவதில்லை. ஆனால் அக்கரடியின் வாயிலே சாத்தனார் வைத்த சொற்களைக் கேளுங்கள்.

வந்தவனுக்கு ஓர் இளம்பெண்ணும் கள்ளும் ஊனும் கொடுக்குமாறு தலைவன் பணிக்கிறான். சாதுவன் மறுக்கிறான். புகாரிலே காசு தீர்ந்ததும் ஒருத்தியாற் கைவிடப்பட்டவன், இங்கே காசின்றியே வருவதை வேண்டாமென்கிறான்! கடலும் முறிமரமும் அவனை மாற்றிவிட்டன என்பதைச் சாத்தனார் ஒரு சொல்லும் விளக்காமல் இச்செயலாலே காட்டுகிறார். தலைவன் சினக்கிறான்: பெண்ணும் உணவும் இன்றேல் உலகிலே வேறென்ன பயன்? சாதுவன் மறுபிறப்பினையும் நல்வினை தீவினைகளையும் எடுத்துரைக்கிறான். நாகன் நகைத்து வினவுகிறான்: உடம்பை விட்ட உயிர் எவ்வாறு சென்று வேறிடம் புகும்? அதனைச் சொல்.

இவ்வினா எளிதானதன்று. பூதவாதி முதலாக இந்தியத் தத்துவத்தின் உலகாயதர் அனைவரும் கேட்ட வினா இஃதே. இதனை வஞ்சிமா நகரத்துச் சமயவாதி ஒருவன் வாயில் வைக்காமல், ஆடையின்றித் திரியும் நாகன் வாயில் வைத்தமையே சாத்தனாரின் பெருமை. பென்சலத்து ஒளி வணிகனிடம் இலண்டனிலோ பாரிசிலோ எவனும் இவ்வாறு கேட்டான் என்று பேக்கன் எழுதவில்லை. எழுதவும் இயலாது, ஒளி வணிகன் முகமூடியோடு அல்லவா வருகிறான்! இங்கேயோ சாதுவன் உயிருக்கு அஞ்சி நிற்பவன். மறைப்பதற்கு அவனிடம் யாதும் இல்லை. அதனாலே கேள்வி பிறக்கிறது.

சாதுவன் விடை என்ன? உயிரோடிருக்கும் உடம்பு உறுவதை உணர்கிறது. உயிர் போனபின் வெட்டினும் சுடினும் உணர்வதில்லை. ஆகவே போனது ஒன்று உண்டு. போனதற்குப் புகுமிடமும் உண்டு. உடம்பு இங்கே கிடக்க உயிர் நெடுந்தூரம் செல்வதை நீயும் கனவிலே காண்கிறாய் அன்றோ என்கிறான். இதனை நூலின் இருபத்தொன்பதாம் காதையிலே அறவண அடிகள் மணிமேகலைக்குக் கற்பிக்கும் அளவை நெறியின்முன் நிறுத்தினால் தேறுமா? அங்கே பக்கமும் ஏதுவும் எடுத்துக்காட்டும் அவற்றின் போலிகளும் நுணுகி ஆராயப்படுகின்றன. கனவு என்னும் எடுத்துக்காட்டு அச்சோதனையில் நில்லாது. அன்றியும், நிலைத்த ஓர் உயிர் வீடுமாறுவதுபோல உடம்பு மாறும் என்னும் கருத்து, ஆன்மாவை ஒப்பாத பௌத்தத்தின் முடிந்த கொள்கையுமன்று. சார்பிற்றோற்றம் உரைக்கும் இறுதிக் காதையை உணர்ந்தோர் இதனை அறிவர். எனில் சாத்தனார் இடறினாரா? இல்லை என்றே கொள்கிறேன். அளவை நூலை எழுதத் தெரிந்த புலவர், வணிகன் வாயிலே வணிகனுக்குத் தக்க விடையை வைத்தார். கேட்பவன் தன் அனுபவத்தோடு ஒப்பிட்டுச் சரிபார்க்கக்கூடியது கனவு ஒன்றே. நாகன் கையிலே உள்ள துலாக்கோலில் நிறுக்கத்தக்க பண்டத்தையே சாதுவன் எடுத்து வைத்தான்.

இதன்பின் நிகழ்வதுதான் உண்மையான பேரம். நாகன் அடிபணிகிறான், ஆனால் முழுதும் இணங்கவில்லை. கள்ளையும் ஊனையும் விட்டால் உடம்பிலே உயிரைத் தாங்கமாட்டோம். எமக்கு இயலும் அறம் எதுவோ அதனைச் சொல் என்கிறான். சாதுவனும் விலையைக் குறைக்கிறான்! கலமுடைந்து கரையேறுவோரைக் கொல்லாதீர். மூத்துச் சாகும் விலங்குகளை அன்றிப் பிற உயிர்களைக் கொல்லாதீர் என்பதோடு நிறுத்துகிறான். கொல்லாமையின் முழுநிறையை அவன் வற்புறுத்தவில்லை. முதற்கட்டளையிலே அவன் தன்னலமும், கடலோடிகள் அனைவரின் நலமும் அடங்கியிருத்தலைக் காண்க. அறமும் கடல்வணிகத்தின் பாதுகாப்பும் ஒரே வாக்கியத்தில் நிற்கின்றன. இதனைச் சிலர் குறையென்பர். அறம் நடப்பதற்கு ஏதுவான உலகியற் காரணம் ஒன்று இருத்தல் அறத்துக்கு இழுக்காகுமோ?

நாகன் மறுமொழியோ வணிக உடன்படிக்கையின் வாய்பாட்டிலே அமைகிறது: எமக்குத் தக்க அறத்தை யாம் செய்கிறோம், உனக்குத் தக்க பொருளை நீ கொள். முன்னே கலம் உடைந்து வந்தோரைத் தின்று பறித்துவைத்த அகிலும் சந்தனமும் துகிலும் பிற செல்வமும் சாதுவனுக்குக் கொடுக்கப்படுகின்றன. இவ்விடத்திலே படிப்போர் நெஞ்சிற் சிறிது உறுத்தல் எழுதல் வேண்டும். அவை இறந்தோர் உடைமைகள். அவர்களுக்கும் புகாரிலே ஆதிரைகள் இருந்திருப்பர். சாதுவன் தயங்கினான் என்று சாத்தனார் கூறவில்லை. ஊர் திரும்பியபின் அவன் ஆதிரையோடு வாழ்ந்து தானம் பல செய்தான் என்று மட்டும் கூறுகிறார். அத்தானம் உடையவர் கைக்குத் திரும்பிச் செல்லாத பொருளுக்கு ஒருவகைக் கழுவாய் எனக் கொள்ள இடமுண்டு. ஆயினும் புலவர் வெளிப்பட உரைக்காததை யாம் வலிந்து உரைத்தல் தகாது.

இன்னொரு குறையும் உண்டு. நாகரிடமிருந்து சாதுவன் பொருளைக் கொண்டானே தவிர அறிவு எதனையும் கொண்டானல்லன். கடலோர மலையிலே வாழ்ந்தோர் காற்றையும் அலையையும் மரத்தையும் பற்றி அறிந்திருப்பர்; அவற்றுள் ஒன்றையும் அவன் கேட்டறிந்ததாகக் காப்பியம் சொல்லவில்லை. பேக்கனுடைய வணிகர் அறிவைக் கொண்டு, கொடுத்தது மறைந்து போகிறது. சாத்தனாருடைய வணிகன் அறிவைக் கொடுத்து, கொண்டது பண்டமாகிறது. இருபாலும் அறிவு மாறிய வணிகத்தை இரு நூல்களிலும் காணோம். ஆனால் இவற்றிடையே தேர்ந்தெடுக்க நேரின், எதிரே நிற்பவன் நகைக்கவும் வினவவும் ‘இவ்வளவே எமக்கு இயலும்’ என்று சொல்லவும் இடமளித்த சாத்தனாரையே யாம் தேர்வோம்.

மணிமேகலையின் செயலும் இங்கே நினைவுக்கு வருகிறது. வஞ்சியிலே அவள் மாதவன் வடிவங்கொண்டு, தன் உருவை மறைத்து, சமயவாதியர் பதின்மரிடம் அவரவர் திறம் கேட்கிறாள். ஒளி வணிகரின் வேடத்துக்கு இஃது எவ்வளவு நெருங்கியது! ஆனால் அவள் மறைந்தது வாங்கிய கருத்தைப் பூட்டிவைப்பதற்கன்று. இளம்பெண் என்று இகழ்ந்து கூறாது விடுவர் என்பதற்காக. மறைத்தவர் யார், யாரிடமிருந்து, எதன்பொருட்டு என்று வினவாமல் மறைப்பு அனைத்தையும் ஒன்றாக்குதல் திறனாய்வு ஆகாது.

எனவே இக்காதையைக் கற்பிக்கும் ஆசிரிய நண்பர்கள் ஆதிரையின் தீயை விட்டு ஒருநாள் நாகர் மலைக்கும் மாணவரை அழைத்துச் செல்வாராக. நாகனின் வினாவை வகுப்பிலே எழுப்பி, சாதுவன் விடை போதுமா என்று மாணவரையே கேட்டுப் பார்க்கலாம். சிலர் போதாது என்பர். அவர்களுக்கு இருபத்தொன்பதாம் காதையைக் கொடுத்தல் தகும். நாகர் மலை நிக்கோபாரா, வேறிடமா என்னும் ஆராய்ச்சி பின்னர் நடக்கட்டும்.

நாகர் தம் சொல்லைக் காத்தனரா என்னும் ஐயமும் வகுப்பிலே எழும். சாத்தனார் அதற்கு விரித்து விடை கூறவில்லை. ஆயினும் சாதுவன் ஊர் திரும்பிய வகையைக் கூறும்போது, சந்திரதத்தன் என்னும் வணிகனுடைய வங்கம் அக்கரையைச் சேர்ந்தது என்றும், சாதுவன் அதிலேறிப் புகாரை அடைந்தான் என்றும் சொல்கிறார். மனிதரைத் தின்றோர் வாழ்ந்த கரையிலே ஒரு கலம் வந்து நின்று, ஊறின்றிப் புறப்பட்டுப் போயிற்று.